வாயாடியின் துணைக்கால்

மார்ச் 3, செவ்வாய்

முடிவெட்டும் கடையில் இன்றும் நானே ஜெயித்தேன். சப்பென்று இருக்கிறது.

கடைக்காரன் வாயாடிக்குத் தொண்டையில் ஆபரேஷன் செய்து குரல்வளையை எடுத்த பிறகு எல்லாச் சண்டையிலும் நான்தான் ஜெயிக்கிறேன். வாயாடி என்பது நான் வைத்த பேர். தெருவே அப்படித்தான் கூப்பிடுகிறது, அவனைப் பெற்றவர்கள் வைத்த பேர் அவனுக்கே ஞாபகம் இருக்குமோ என்னவோ. பதிலுக்கு அவன் எனக்கு வைத்தது விசிலு. நான் பஸ் கண்டக்டராக இருந்தவன்.

நான் நாற்காலியில் உட்கார்ந்து, அவன் என் கழுத்தில் துணியைக் கட்டி, முதல் வெட்டு விழும் முன்னால் சண்டை ஆரம்பித்துவிடும். பொருள் எதுவும் வேண்டாம். பழைய வெயில் சூடா, இப்போதைய வெயில் சூடா என்பதற்கே ஒரு வாரம் ஓட்டியிருக்கிறோம்.

இப்போது அவன் கழுத்தில் ஒரு சிலேட்டு தொங்குகிறது. நான் ஒன்று சொன்னால் கத்தரியை வைத்துவிட்டு, பலப்பத்தைத் தேடி எடுத்து எழுத வேண்டும். அவன் பாதி எழுதுவதற்குள் எனக்கு அடுத்த நக்கல் வந்துவிடுகிறது. அழித்துவிட்டு மறுபடி எழுதுவான். இன்று அழித்தான். எழுதவில்லை.

செத்த பாம்பை அடித்துவிட்டு வந்த மாதிரி இருக்கிறது.

ஆஸ்பத்திரியில் கழுத்தில் வைத்துப் பேச ஒரு கருவி கொடுத்தார்கள். வைத்து வாயசைத்தால் பேச்சு வரும். ஆனால் ஏற்றம் இல்லை, இறக்கம் இல்லை, தண்ணீர் மோட்டார் ஓடுவது போல ஒரே சத்தம். முதல் நாளே, முடிவெட்ட வந்த ஒரு பாப்பா அதைக் கேட்டு வீறிட்டது. சீப்பு வைக்கும் டிராயரில் போட்டு மூடினான். அதோடு சரி.

மார்ச் 4, புதன்

கடைக்குப் போகவில்லை. வளருகிற முடி வளரட்டும்.

மார்ச் 8, ஞாயிறு

குளியலறையில் மாட்டிக்கொண்டேன்.

உள்ளே இரண்டு ஆளாகவும் நானே சண்டை போட்டுக்கொண்டிருந்தேன். என் குரலில் ஒரு குத்து, அவன் குரலில் ஒரு பதில். அவன் குரல் எனக்கு அச்சு அசலாக வரும். கதவைத் திறந்தால் எதிரே மருமகள்.

"உள்ள இன்னொருத்தர் யாரு மாமா?"

"யாருமில்லம்மா, தண்ணி சத்தம்."

"தண்ணி உங்களைப் 'போடா விசிலு'ன்னு சொல்லுச்சே?"

சமையலறையிலிருந்து வீட்டுக்காரி: "அதானே பார்த்தேன், ரெண்டு பேர் குளிச்சதாலதான் தொட்டி காலியா?"

இந்த வீட்டில் எனக்கு மரியாதை வழிந்தோடுகிறது.

மருமகளுக்கு வீட்டிலிருந்தே வேலை. சர்க்யூட் போர்டு வரைகிறாள். டிவி, ஃபோன், ஆஸ்பத்திரி மிஷின், எல்லாவற்றின் வயிற்றுக்குள்ளும் ஒரு பச்சைப் பலகை இருக்குமே, அது. முதலில் கம்ப்யூட்டரில் படம் போட்டு, அந்தப் படத்துக்குள்ளேயே கரண்ட் விட்டுப் பார்ப்பாள். நிஜக் கரண்ட் இல்லை, கணக்குக் கரண்ட். அதற்கு சிமுலேஷன் என்று பேராம். நான் சும்மாலேஷன் என்பேன். ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவுமா என்று கேட்டு அவளை ஒரு தடவையாவது சீண்டாவிட்டால் எனக்குப் பொழுது போகாது. "கறி வைக்கறதுக்கு முன்னாடி சுரைக்காய் கசக்குமான்னு ஏட்டுலயே தெரிஞ்சுக்கலாம் மாமா" என்பாள். சளைத்தவள் இல்லை.

இன்று சீண்டலுக்கு நடுவில் கேட்டாள்: "ஆஸ்பத்திரியில குடுத்த மிஷினை ஏன் மாமா அவர் தொடவே மாட்டேங்கறார்?"

"அதுல 'அப்படியா'ன்னு சொன்னா வெறும் அப்படியாதான். இவன் சொன்னா எப்படி இருக்கும் தெரியுமா?"

சொல்லிக் காட்டினேன். 'அ'வைத் தரையில் வைப்பான், 'ப்படி'யில் படி ஏறுவான், 'யா'வை மொட்டைமாடிக்குக் கொண்டுபோய் அங்கேயே காயப்போட்டுவிடுவான். எதிராளி அத்தோடு காலி.

அவள் சிரிக்கவில்லை. "இன்னொரு தடவை சொல்லுங்க மாமா" என்றாள்.

மார்ச் 10, செவ்வாய்

என்னை மைக் முன்னால் உட்காரவைத்து அவன் குரலில் பேசச் சொன்னாள். அப்படியா. ஓஹோ. நீ சொன்னா சரிதான். பெரிய மனுஷன். திட்டுவதற்குக் கூலி இல்லாமல் ஆள் பிடித்திருக்கிறாள்.

திரையில் ஒரு கோடு ஓடியது. தரையோடு போய், 'யா' வந்ததும் ஜிவ்வென்று மேலே ஏறியது.

"இதுதான் மாமா அவர் பேச்சோட ஏத்தம்."

"ஏத்தமாம். திமிருன்னு சொல்லு."

மார்ச் 14, சனி

விஷயம் இதுதான். சாதாரணப் பொத்தானுக்குப் பதில் அழுத்தத்தை உணருகிற பொத்தான். மெதுவாகத் தொட்டால் சத்தம் கீழே நிற்கும், அழுத்த அழுத்த மேலே ஏறும். கட்டைவிரலால் 'யா'வை மாடிக்கு ஏற்றலாம். வாயாடிக்காக இதைச் செய்யப்போகிறாள். தன் ஆபீஸில் அனுமதியும் வாங்கிவிட்டாளாம்.

சும்மாலேஷனில் ஓட்டினாள். ஒரு நம்பரை மாற்றினால் கோடு மாறுகிறது. நான் பக்கத்தில் நாற்காலி போட்டுக்கொண்டேன்.

"பத்தாதும்மா. இவன் ரொம்ப நல்லவனா பேசறான்."

மாற்றினாள்.

"ஐயோ, இது பொம்பளைப் பிள்ளை கோபப்படற மாதிரி இருக்கு."

மாற்றினாள். திடீரென்று திரையில் ஒரு பாகம் சிவப்பாகி எச்சரிக்கை வந்தது. நான் நாற்காலியோடு பின்னால் நகர்ந்துவிட்டேன்.

"பயப்படாதீங்க மாமா, இங்க எரிஞ்சா எதுவும் எரியாது. அதுக்குத்தானே இது."

நல்ல பட்டறை. புகை இல்லாமல் தப்புப் பண்ணலாம். நான் வேலைக்குப் போன காலத்தில் இப்படி ஒன்று இருந்திருந்தால் எத்தனை மெமோ மிச்சம்.

மார்ச் 15, ஞாயிறு

வாயாடியின் கடைக் கண்ணாடியில் ஓர் அட்டை ஒட்டியிருக்கிறது. 'கடை வாடகைக்கு விடப்படும்.'

என்னடா இது என்றேன். சிலேட்டில் எழுதினான்: மகள் வீட்டுக்குப் போறேன். அடுத்த மாசம் 28.

மகள் இருப்பது ரயிலில் ஒரு பகல் தூரம்.

அங்க போய் என்ன செய்வே என்று கேட்டேன். எழுதினான்: இங்க மட்டும் என்ன செய்யறேன்.

எனக்கு நக்கல் எதுவும் வரவில்லை. வந்தது, சொல்லவில்லை.

மார்ச் 22, ஞாயிறு

படம் முடிந்து போர்டு வரைகிறாள். தீப்பெட்டியைவிடக் கொஞ்சம் பெரிய பலகைக்குள் அத்தனை பாகத்தையும் அடைத்து, ஒன்றுக்கு ஒன்று வழி போட வேண்டும். ஒரு வழி இன்னொன்றின் மேல் ஏறக்கூடாது. சிவப்பில் சில வழிகள், நீலத்தில் சில வழிகள்.

"இது எந்த ரூட்டும்மா? நடுவுல ஸ்டாப்பிங்கே இல்லையே."

"அது பேட்டரி லைன் மாமா, எக்ஸ்பிரஸ்." சொல்லிவிட்டு விளக்க ஆரம்பித்தாள். சிவப்பு மேல் பக்கம் ஏதோ, நீலம் அடிப்பக்கம் ஏதோ, வெள்ளை பேர் எழுத. நான் எக்ஸ்பிரஸுக்கு டிக்கெட் கிழித்துக்கொண்டிருந்தேன், முழுக்கக் கேட்கவில்லை.

"எல்லாத் துண்டுக்கும் பேர் எழுதியிருக்கே, ஆளோட பேர் எங்க?"

"எழுதலாம் மாமா, கடைசியில."

மார்ச் 24, செவ்வாய்

இன்று ஒரு நல்ல காரியம் செய்தேன்.

மதியம் போர்டு முடிந்தது. ஏதோ சோதனையை ஓட்டினாள், தப்பு பூஜ்யம் என்று வந்தது. "கடைக்குப் போயிட்டு வந்து ஃபைலை ஃபேக்டரிக்கு அனுப்பிடறேன்" என்று பையை எடுத்துக்கொண்டு போனாள். ஆள் பேர் எழுத மறந்துவிட்டாள்.

திரை திறந்தே இருந்தது. எழுத்துப் போடுவதை அவள் செய்து பார்த்திருக்கிறேன். 'வாயாடி' என்று அடித்தேன். வெள்ளையாக வந்தது, விதவைக் கோலம் மாதிரி. பக்கத்தில் வண்ணங்கள் வரிசையாக இருந்தன. சிவப்பை அமுக்கினேன். என்ன களை!

எங்கே வைப்பது? பேட்டரி லைன் இரண்டும் மேலும் கீழுமாகத் தடிமனாக ஓடின. நடுவில் காலி இடம். பள்ளிக்கூடத்தில் கோடு போட்ட நோட்டில் எழுதியது போல அந்த இரண்டு கோட்டுக்கு நடுவில் கச்சிதமாக உட்காரவைத்தேன். என் எழுத்து கோட்டுக்குள் நிற்காது என்று காதைத் திருகிய வாத்தியார் பார்க்க வேண்டும்.

வந்தாள், அனுப்பினாள், கவனிக்கவில்லை. சிவப்புக்குள் சிவப்பாக ஒளிந்துகொண்டது. போர்டு வரும்போது பார்த்து அசரட்டும். வாயாடியும் அசரட்டும்.

மார்ச் 25, புதன்

சிரிப்பை அடக்க முடியவில்லை. "என்ன, பல் சுளுக்கா?" என்கிறாள் வீட்டுக்காரி.

ஏப்ரல் 9, வியாழன்

போர்டு வந்துவிட்டது. ஐந்து. பச்சைப் பசேலென்று. நான் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு தேடினேன், பேரைக் காணோம். பச்சை மையில் அமுங்கிவிட்டதா? கேட்கவும் முடியாது.

ஏப்ரல் 11, சனி

காலையிலிருந்து ஒவ்வொரு பாகமாகப் பற்றவைத்தாள். பேட்டரியைச் சேர்த்தாள்.

சத்தம் இல்லை. வாசனைதான் வந்தது. ஒயர் சுட்டுவிட்டது, சடாரென்று பிடுங்கினாள், விரல் சிவந்துவிட்டது. இன்னொரு போர்டில் செய்தாள். அதே கதை.

ஏப்ரல் 12, ஞாயிறு

சும்மாலேஷனில் ஓட்டுகிறாள், அருமையாக ஓடுகிறது. போர்டில் ஓட்டுகிறாள், சுடுகிறது. மீட்டரை வைத்தால் பீப் என்று கத்துகிறது.

"ப்ளஸ்ஸும் மைனஸும் எங்கயோ ஒட்டிக்கிட்டிருக்கு மாமா. ஒண்ணுமே வைக்காத வெறும் போர்டுலயும் ஒட்டியிருக்கு."

வழக்கம்போல, "நான்தான் அப்பவே சொன்னேனே, ஏட்டுச் சுரைக்காய்..." என்று ஆரம்பித்தேன். பதில் வரும் என்று காத்திருந்தேன். வரவில்லை. திரும்பிப் பார்த்தால் கண்ணைத் துடைத்துக்கொண்டிருக்கிறாள்.

"மறுபடி ஆர்டர் பண்ணினா, வர்றதுக்குள்ள அவர் கிளம்பிடுவாரு மாமா. எங்க தப்புப் பண்ணினேன்னே தெரியல. இது மாதிரி எத்தனையோ பண்ணியிருக்கேன், இப்படி ஆனதே இல்லை."

சுரைக்காயை விழுங்கிக்கொண்டு என் அறைக்கு வந்துவிட்டேன்.

ஏப்ரல் 13, திங்கள்

எழுதவே கை வரலை.

காலையில கூப்பிட்டா. "மாமா, கொஞ்சம் இங்க வாங்க." குரல்ல கோபம் இல்லை. அதுதான் பயமா இருந்துச்சு. அந்தத் தப்பு பார்க்கற சோதனையை மறுபடி ஓட்டியிருக்கா. தப்பு ஒண்ணுன்னு வந்திருக்கு. அன்னைக்குப் பூஜ்யம். இன்னைக்கு ஒண்ணு.

கையில பூதக்கண்ணாடியைக் குடுத்தா. வெறும் போர்டை விளக்குக்குக் கீழ சாய்ச்சுப் பிடிச்சா. பச்சைக்கு அடியில மேடா, மினுமினுன்னு...

"படிங்க மாமா."

என்னத்தைப் படிக்கிறது? நான் எழுதினதுதானே.

"வெள்ளையில எழுதினா அது மை மாமா. சிவப்புல எழுதினா செம்பு. நீங்க பேர் எழுதல, கம்பி இழுத்திருக்கீங்க."

சொன்னாளே, அன்னைக்கே சொன்னாளே! நான் டிக்கெட் கிழிச்சுக்கிட்டிருந்தேனே. களை வேணும்னு சிவப்பாம்! கழுதைக்கு எதுக்குக் கண்ணுக்கு மை? இவ ரெண்டு நாளா தன்னையே நொந்துக்கிட்டு அழுதிருக்கா, நான் சுரைக்காய் வித்துக்கிட்டிருந்திருக்கேன். அஞ்சு போர்டுலயும் அதே பேரு. அவன் வாய்க்குன்னு செஞ்சதை அவன் பேரை வெச்சே அடைச்சிருக்கேன்.

திட்டும்மா என்றேன். அவள் பூதக்கண்ணாடியை வாங்கி மறுபடி பார்த்துக்கொண்டிருந்தாள்.

"வா ஒட்டலை. டி ஒட்டலை. இந்த இடத்துல மேல் லைன் கொஞ்சம் கீழ இறங்குது, அதனால யா-வோட துணைக்கால் மட்டும் ரெண்டு லைனையும் தொட்டுக்கிட்டு நிக்குது. அந்தக் கால்தான்..." நிறுத்தினாள். "காலை வாரிடுச்சு."

சொல்லிவிட்டு அவளுக்கே சிரிப்பு வந்துவிட்டது. அழுதுகொண்டே சிரித்தாள். எனக்கு இரண்டும் வரவில்லை.

ஏப்ரல் 15, புதன்

கால் எடுக்கும் ஆபரேஷன் இன்று நடந்தது. டாக்டர் மருமகள். விளக்குப் பிடிக்கும் நர்ஸ் நான். "ஆடாதீங்க மாமா" என்று நாலு தடவை திட்டு.

சின்னக் கத்தியால் துணைக்காலின் தலையிலும் அடியிலும் வெட்டி, நடுவில் இருந்ததைச் சுரண்டி எடுத்தாள். மீட்டரை வைத்தாள். கத்தவில்லை.

காலை எடுத்த பிறகு படித்தால் 'வாயடி' என்று இருக்கிறது.

"இதுவும் அவருக்குப் பொருத்தம்தான் மாமா. வாயடி அடிக்கறவர்தானே."

புதிய பாகங்களைப் பற்றவைத்துப் பேட்டரியைச் சேர்த்தாள். சுடவில்லை. பொத்தானைத் தொட்டதும் ண்ங் என்றது. அழுத்தினாள், ஏறியது. நான் வாங்கிக் கழுத்தில் வைத்து, மூச்சை நிறுத்தி, வாயை மட்டும் அசைத்து அவன் மாதிரி 'அப்படியா' சொன்னேன். 'யா'வில் கட்டைவிரலை அமுக்கினேன்.

சமையலறையிலிருந்து வீட்டுக்காரி எட்டிப் பார்த்தாள். "ஏங்க, வாயாடி அண்ணன் வந்திருக்காரா?"

மருமகள் கருவியை என் கையிலிருந்து வாங்கி வைத்தாள்.

பிறகு சொன்னாள்: "உங்களுக்கு ஒரு தண்டனை மாமா. இந்தத் துணைக்கால் கதையை நீங்களே உங்க வாயால அவர்கிட்ட சொல்லணும்."

"ஐயோ! சாகற வரைக்கும் விடமாட்டானேம்மா!"

"தெரியும்."

ஏப்ரல் 18, சனி

பெட்டிக்குள் போட்டு, மூடி, அழகாக இருந்தது. கொண்டுபோய்க் கொடுத்தேன். மருமகளும் வந்து எப்படி அழுத்துவது என்று காட்டினாள்.

திருப்பித் திருப்பிப் பார்த்தான். கழுத்தில் வைத்தான். "நல்லா இருக்கும்மா. ரொம்ப நன்றி." கட்டைவிரலை அழுத்தவே இல்லை. தரையோடு தரையாகப் போயிற்று. ஆஸ்பத்திரி மிஷினுக்கும் இதற்கும் வித்தியாசமே தெரியவில்லை. கண்ணாடிக்கு முன்னால் வைத்துவிட்டுச் சிலேட்டை எடுத்தான்.

'இனிமே பேச என்ன இருக்கு.'

வரும் வழியில் மருமகள், "கதையை ஏன் சொல்லலை மாமா?" என்றாள். கூட்டமாக இருந்தது என்றேன். கடையில் இருந்தது நாங்கள் மூன்று பேர்.

ஏப்ரல் 19, ஞாயிறு

யோசித்துப் பார்த்தேன். அவனுக்கு வாய் கொடுத்துவிட்டோம், மெல்ல எதுவும் கொடுக்கவில்லை. நானோ ஜெயித்து ஜெயித்து அவனை வெறும் ஆளாக்கி வைத்திருக்கிறேன்.

கடையில் நிஜமாகவே கூட்டம். பெஞ்சு நிறைய ஆள். பரவாயில்லை என்று நாற்காலியில் உட்கார்ந்தேன். நுரை தடவி, வலது கன்னத்தில் கத்தியை வைத்தான். நான் சொல்ல ஆரம்பித்தேன். வெள்ளை பிடிக்காமல் சிவப்பு போட்டது, கோடு போட்ட நோட்டு, வாத்தியார், சிரிப்பை அடக்கியது, சுரைக்காய், பூதக்கண்ணாடி. ஒன்றையும் விடவில்லை. துணைக்காலுக்கு வரும்போது கன்னத்தில் கத்தி நின்றுவிட்டது.

கண்ணாடியில் பார்த்தேன். கத்தியைக் கீழே வைத்தான். கையைத் துடைத்தான். கருவியை எடுத்துக் கழுத்தில் வைத்தான்.

"அப்ப... டி... யா?"

அந்த 'யா' ஏறியது பாருங்கள்! மாடிப்படி எல்லாம் ஏறி, மொட்டைமாடியில் போய் நின்றது. பெஞ்சில் இருந்தவர்கள் நிமிர்ந்தார்கள். குரல் அவனுடையது இல்லை. திமிர் அவனுடையதேதான்.

"ஏண்டா விசிலு... என் வாயை அடைக்க... என் பேரையே எழுதினியா?"

கடை முழுக்கச் சிரிப்பு. என் வாயில் நுரை.

ஏப்ரல் 20, திங்கள்

ஒரு பதில் யோசித்தேன். நல்லாயில்லை.

ஏப்ரல் 23, வியாழன்

பால்காரன் கேட்கிறான்: "கால் எப்படி இருக்கு பெரியவரே?" எனக்குக் காலில் ஒன்றும் இல்லையே என்றேன். "துணைக்காலைக் கேட்டேன்" என்கிறான். வாயாடி தெரு முழுக்கப் பரப்பிவிட்டான், படுபாவி.

மருமகளிடம் சொன்னேன். "அப்படியா?" என்றாள். இவளும் ஏற்றக் கற்றுக்கொண்டுவிட்டாள்.

ஏப்ரல் 29, புதன்

பாதிச் சவரத்தோடு வீட்டுக்கு வந்திருக்கிறேன்.

அந்தக் கருவியில் ஒரு தொல்லை, பேச ஒரு கை வேண்டும். பேசினால் கத்தியை வைக்க வேண்டும். அவன் கத்தியை எடுக்கவே மாட்டேன் என்கிறான். பழைய வெயிலா புதிய வெயிலா என்பதை மறுபடி தொடங்கிவிட்டான். வலது கன்னம் முடிவதற்குள் பெஞ்சில் இரண்டு பேர் எழுந்து போய்விட்டார்கள். என்னை மடக்குகிற சமயத்தில், வாக்கியத்தின் நடுவில், பேட்டரி தீர்ந்துபோனது. சார்ஜில் போட்டான். சரி, மீதியைச் சிரைத்துவிடு என்றேன். தலையை ஆட்டிவிட்டுச் சிலேட்டை எடுத்து எழுதினான்: முதல்ல பேச்சை முடிக்கணும். நாளைக்கு வா.

கண்ணாடியில் அந்த வாடகை அட்டை இல்லை. பசை ஒட்டியிருந்த நாலு மூலை மட்டும் தெரிந்தது. நேற்று தேதி 28.

வீட்டுக்காரி என் முகத்தைப் பார்த்துவிட்டு உட்கார்ந்து சிரித்தாள். மருமகள் ஃபோட்டோ எடுத்துக்கொண்டாள்.

இன்று தோற்றேன். இடது கன்னம் பாக்கி.